சரக்கு மோசம் என்றால் பாக்கி கிடையாதா?

கேள்வி: கல்லிடைக்குறிச்சியில் அப்பளம் போடுகிறோம். மாமியார் காலத்துத் தொழில், இப்போது நான் பார்க்கிறேன். தேய்க்க அக்கம்பக்கத்துப் பெண்கள் வருகிறார்கள். 2022-ல் என் பெயரில் உத்யம் (மத்திய அரசின் சிறுதொழில் பதிவு) பதிவு செய்தேன். சென்னையில் மொத்த வியாபாரம் செய்யும் நம்ம பக்கத்து அண்ணாச்சி ஒருவருக்கு 2025 ஜூன், ஜூலையில் மூன்று லோடு அனுப்பினேன். பில் 1,30,000, 1,42,000, 1,40,000, ஆக 4,12,000 ரூபாய். முப்பது நாள் கடன் என்று வாயால் பேசியதுதான். ஆகஸ்டில் 60,000 போட்டார். அக்டோபரில் போன் செய்து, "அப்பளம் பொரிச்சா சிவக்குது, பூசணம் வேற. பணம் கிடையாது, வேணும்னா சரக்கத் தூக்கிட்டுப் போ" என்கிறார். இரண்டாவது லோடு போட்டபோது சாரல் பிடித்துக்கொண்டது. அதில் மூன்றில் ஒரு பங்கை வீட்டுக்குள் ஃபேன் போட்டுத்தான் காயவைத்தோம். மற்ற இரண்டு லோடும் நல்ல வெயிலில் காய்ந்தவை. நுகர்வோர் கோர்ட்டுக்குப் போவேன், உணவுப் பாதுகாப்பு ஆபீசில் புகார் கொடுப்பேன் என்று மிரட்டுகிறார். போலீசில் இருக்கும் உறவுக்காரர் ஒருவர், நான் பேசி வாங்கித் தருகிறேன் என்கிறார். மிச்சம் 3,52,000 வருமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

பில், லாரி ரசீது, வாட்ஸ்அப் பக்கங்கள் எல்லாம் பார்த்தேன். பாக்கி வசூலாகும் என்றே நினைக்கிறேன். முழுத் தொகையும் வருமா என்றால், வராது. கேட்கவும் வேண்டாம் என்பேன். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

கடிதத்தோடு வைத்த நான்கு பக்கக் குறிப்பில் மூன்று பக்கம் அப்பளத்தைப் பற்றியே எழுதியிருக்கிறீர்கள். உளுந்து எங்கே வாங்கியது, அப்பளக்காரம் எவ்வளவு போட்டது, மாவை எவ்வளவு நேரம் இடித்தது என்று. கல்லிடை அப்பளத்தின் பெயரும் அதற்குத் தாமிரபரணித் தண்ணீர்தான் காரணம் என்ற பேச்சும் எனக்கும் தெரியும். ஆனால் தகராறு என்று வந்துவிட்டால் தேதிதான் பேசும். ஏழு மாதம் முன்னால் போன அப்பளம் அன்றைக்கு எவ்வளவு ஈரமாக இருந்தது என்று எந்த நீதிபதியும் இன்று பொரித்துப் பார்க்க முடியாது. அதே காரணத்தால்தான், மிச்சம் இருக்கும் அப்பளக் கட்டுகளை இப்போது லேபுக்கு அனுப்பலாமா என்ற உங்கள் யோசனையும் வேண்டாம் என்கிறேன். இடையில் சென்னைக் குடோனில் ஒரு மழைக்காலத்தையே பார்த்துவிட்ட சரக்கு அது. முடிவு எப்படி வந்தாலும் ஆளுக்கு ஒரு அர்த்தம் சொல்லலாம்.

ஆகவே தேதிகளை வரிசையாக எழுதிப் பார்த்தேன். லாரி ரசீதின்படி முதல் லோடு சேர்ந்தது ஜூன் 20, இரண்டாவது ஜூலை 9, மூன்றாவது ஜூலை 30. ஆகஸ்ட் 16 அன்று அண்ணாச்சி உங்களுக்கு ஒரு மெசேஜ் அனுப்பியிருக்கிறார். கடிதத்தில் நீங்கள் அதைச் சொல்லவே இல்லை. வாட்ஸ்அப் பக்கங்களைப் புரட்டும்போது, ஒரு பிறந்தநாள் வாழ்த்துக்கும் முருகன் படத்துக்கும் நடுவில் கிடந்தது: "தங்கச்சி, சரக்கு நல்லா போவுது. தீபாவளிக்கு இன்னும் ரெண்டு லோடு வேணும். எப்ப அனுப்புத?"

உங்கள் கேஸில் பாதி இந்த மூன்று வரியில் இருக்கிறது. மூன்று லோடும் கைக்கு வந்து, கடைசி லோடு சேர்ந்து பதினேழு நாள் ஆன பிறகு எழுதியது. "நல்லா போவுது" என்றால் விற்றுக்கொண்டிருக்கிறார் என்றுதானே பொருள்? ஐந்து நாளில் 60,000 ரூபாயும் போட்டிருக்கிறார், ஒரு குறையும் சொல்லாமல். முதல் குறை அக்டோபர் 6-ல் போனில் வருகிறது. கெட்டுப்போனது என்று காட்ட அவர் அனுப்பிய போட்டோக்கள் அக்டோபர் 9-ல். நீங்கள் பழைய பாக்கி வராமல் தீபாவளி லோடு அனுப்ப மாட்டேன் என்று சொன்ன பிறகுதான் அப்பளம் சிவக்க ஆரம்பித்திருக்கிறது.

1930-ஆம் வருஷத்துச் சரக்கு விற்பனைச் சட்டம் வாங்குகிறவருக்கு நிறையவே பாதுகாப்பு தருகிறது. சொன்ன சரக்குக்கும் வந்த சரக்குக்கும் பொருத்தம் இல்லை என்றால், அல்லது விற்கத் தக்க தரத்தில் இல்லை என்றால், அவர் திருப்பிவிடலாம். பிரித்துப் பார்க்க நியாயமான வாய்ப்பும் கொடுத்தாக வேண்டும். ஆனால் 42-ஆம் பிரிவு ஒரு எல்லை போடுகிறது. ஏற்றுக்கொண்டேன் என்று சொன்னாலோ, தன் சொந்தச் சரக்கைப் போல விற்கத் தொடங்கினாலோ, வேண்டாம் என்று சொல்லாமல் நியாயமான காலத்துக்கு மேல் வைத்துக்கொண்டாலோ, ஏற்றுக்கொண்டதாகத்தான் கணக்கு. அதற்குப் பிறகு "தூக்கிட்டுப் போ" என்று சொல்லும் உரிமை போய்விடுகிறது. தரக் குறைவால் உண்மையில் நஷ்டம் இருந்தால் அதை விலையில் கழிக்கச் சொல்லலாம், 59-ஆம் பிரிவு அதற்கு இருக்கிறது. அப்படிக் கழிக்க எத்தனை கட்டு கெட்டது, எவ்வளவு நஷ்டம் என்று அவர்தான் காட்ட வேண்டும். மொத்தப் பாக்கியையும் மடியில் கட்டிக்கொண்டு உட்கார அந்தப் பிரிவு இடம் தரவில்லை.

அவர் பக்கத்து வக்கீல் என்ன சொல்வார் என்றும் கேளுங்கள். ஈரம் வெளியே தெரியாத குறை, கட்டைப் பிரித்துப் பொரித்தால்தான் தெரியும், வாடிக்கையாளர் திருப்பிக் கொண்டுவந்த பிறகுதான் எங்களுக்கே தெரிந்தது என்பார். சும்மா தள்ளிவிடக்கூடிய வாதம் அல்ல. உங்கள் லேபிளில் நீங்களே நான்கு மாதம் தாங்கும் என்று அச்சடித்திருக்கிறீர்கள், அக்டோபர் 9 அந்த நான்கு மாதத்துக்குள்தான் வருகிறது.

இங்கேதான் உத்யம் பதிவு கைகொடுக்கிறது. 2006-ஆம் வருஷத்துக் குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் சட்டத்தில் நியாயமான காலம் என்ற வழவழா இல்லை. சரக்கு சேர்ந்த நாளிலிருந்து பதினைந்து நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் வரவில்லை என்றால், சேர்ந்த அன்றே ஏற்றுக்கொண்டதாகக் கணக்கு. எழுத்தில் என்பதைக் கவனியுங்கள், போன் சேராது. கடைசி லோடுக்கு அந்தக் கெடு ஆகஸ்ட் 14. அண்ணாச்சியின் முதல் போட்டோ, சரக்கு சேர்ந்த 71-வது நாள்.

பணம் தரவேண்டிய நாளும் அந்தச் சட்டத்தில் உண்டு. எழுத்தில் ஒப்பந்தம் இருந்தால் அதில் உள்ள தேதி, ஆனால் எவ்வளவு இழுத்தாலும் 45 நாளுக்கு மேல் போகக்கூடாது. எழுத்தில் ஒன்றும் இல்லை என்றால் அந்தப் பதினைந்து நாள் முடிவதற்குள் தந்தாக வேண்டும். நீங்கள் வாயால் பேசிய முப்பது நாள் அங்கே நிற்காது, அது உங்களுக்குத்தான் சாதகம். கெடு தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் அசலோடு சேரும் கூட்டுவட்டி. வங்கி விகிதம் 5.5 சதவீதம் என்று வைத்தால் வருஷத்துக்கு 16.5 சதவீதம். 3,52,000-க்கு முதல் மாதமே 4,840 ரூபாய். பாக்கியை இழுத்தடிப்பது லாபம் என்று நினைக்கும் வியாபாரிக்கு இந்தக் கணக்கை ஒரு தாளில் போட்டுக் காட்டினால் போதும், பல நேரம் பேச்சு மாறிவிடும்.

பேச்சு மாறாவிட்டால் இதே சட்டத்தின் கீழ் உள்ள வசதியாக்க மன்றத்துக்குப் போகலாம். மத்திய அரசு இதற்கென வைத்திருக்கும் இணையதளத்தில் உத்யம் எண்ணைப் போட்டு மனு ஏற்றலாம். கை வராவிட்டால் திருநெல்வேலி மாவட்டத் தொழில் மையத்தில் கேளுங்கள், செய்து தருவார்கள். சரக்கு விற்றவர் இருக்கும் இடத்து மன்றத்துக்கே அதிகாரம், எதிராளி சென்னையில் இருந்தாலும் சரி. நீங்கள் அங்கே அலைய வேண்டாம். முதலில் சமரசம் பேசுவார்கள், அது முறிந்தால் நடுவர் தீர்ப்பு. சட்டப் புத்தகத்தில் 90 நாள் என்றிருக்கிறது, நடப்பில் அதைவிட நாளாகும், மனதைத் தயார் செய்துகொள்ளுங்கள். ஆனால் தீர்ப்பு வந்த பிறகு அதை எதிர்த்து அண்ணாச்சி கோர்ட்டுக்குப் போக வேண்டுமென்றால் தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும். அந்த ஒரு விதிக்காகவே சாதாரண வழக்கைவிட இந்த வழியை நான் விரும்புகிறேன். ஒன்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள்: தரக் குறைவு நஷ்டத்தை அவரும் அதே மன்றத்தில் எதிர்க்கோரிக்கையாக வைக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2021-ல் சொல்லியிருக்கிறது.

பில்லில் உள்ள பெயரும் உத்யமில் உள்ள பெயரும் ஒன்றுதானா என்று இன்றைக்கே பாருங்கள். மாமியார் பெயரில் அடித்த பழைய பில் புத்தகத்தை இன்னும் கிழித்துக் கொடுத்துக்கொண்டிருந்தால் அங்கே ஒரு சிக்கல் வரும். இதைப் படிக்கும் மற்ற தொழில்காரர்களுக்கும் ஒரு வார்த்தை: சரக்கு அனுப்பிய பிறகு ஓடிப்போய் உத்யம் எடுத்தால் பழைய லோடுக்குப் பலன் கிடையாது என்பது அதே 2021 தீர்ப்பு. பதிவு எந்த அளவுக்குக் கட்டாயம் என்ற கேள்வி 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றத்தின் பெரிய அமர்வுக்குப் போயிருக்கிறது, அதை நம்பி உட்கார வேண்டாம். பதிவுக்குக் கட்டணம் இல்லை.

இப்போது அந்த வாய்ஸ் மெசேஜ். அக்டோபர் 10-ஆம் தேதி இரவு நீங்கள் அனுப்பியது: "ரெண்டாவது லோடுல கொஞ்சம் ஈரம் இருந்திருக்கும் அண்ணாச்சி, மன்னிச்சுக்கிடுங்க." அழித்துவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். கூடாது. உங்கள் போனில் அழித்தாலும் அவர் போனில் இருக்கும், அழித்தது தெரிந்தால் நல்ல ஆவணங்களின் மேலும் சந்தேகம் வரும். அது அவ்வளவு பாதகமும் இல்லை. நீங்கள் ஒப்புக்கொண்டது இரண்டாவது லோடில் ஒரு பகுதியை. அண்ணாச்சி நிறுத்தி வைத்திருப்பதோ மூன்று லோடின் பணத்தை.

முழுத் தொகையைக் கேட்க வேண்டாம் என்று சொன்னது இதனால்தான். இரண்டாவது லோடு 1,42,000. அதில் மூன்றில் ஒரு பங்கு சுமார் 47,000 ரூபாய். அதைக் கழித்தால் 3,05,000. உண்மையில் சாரலில் காய்ந்த சரக்குக்குப் பொறுப்பேற்கிறேன், மற்றதற்குப் பணம் கொடுங்கள் என்று சொல்கிறவரின் பேச்சுக்கு எந்த மன்றத்திலும் மரியாதை உண்டு. எல்லாமே முதல் தரம் என்று சாதிக்கப்போனால் அந்த வாய்ஸ் மெசேஜை அவர்கள் போட்டுக் காட்டுவார்கள், நல்ல லோடும் சேர்ந்து அடிபடும். ஆனால் இந்தக் கழிவைச் சும்மா தூக்கிக் கொடுக்காதீர்கள். பதினைந்து நாளுக்குள் மிச்சப் பணம் வந்தால் கழிவு உண்டு, வராவிட்டால் முழுத் தொகையும் வட்டியும் என்று நிபந்தனையோடு எழுதுங்கள்.

போட்டோக்களையும் பெரிதாக்கிப் பார்த்தேன். ஐந்து படம். இரண்டில் உங்கள் கட்டு, லேபிளில் ஜூலை 4 என்ற தயாரிப்புத் தேதி தெளிவாகத் தெரிகிறது, அதாவது இரண்டாவது லோடு. மற்ற மூன்றில் பிரித்த அப்பளம் மட்டும் தட்டில் கிடக்கிறது, லேபிளே இல்லை. யார் போட்ட அப்பளம் என்று எப்படிச் சொல்வது? அந்த வியாபாரி கடையில் உங்கள் சரக்கு மட்டுமா இருக்கும்? முதல் லோடும் மூன்றாவது லோடும் கெட்டதற்கு ஒரு படம்கூட இல்லை.

அண்ணாச்சிக்கு எப்படி வக்கீல் நோட்டீஸ் விடுவது என்று தயங்குகிறீர்கள். புரிகிறது. நம் ஊரில் நோட்டீஸ் போனால் அடுத்த கல்யாண வீட்டில் முகம் கொடுத்துப் பேச முடியாது. முதல் கடிதத்தை நீங்களே எழுதுங்கள், அண்ணாச்சி என்றே தொடங்குங்கள், பாதகமில்லை. அதில் மூன்று லோடு சேர்ந்த தேதி, பில் எண், ஆகஸ்ட் 16 மெசேஜ், ஆகஸ்ட் 21 பணம் நான்கும் இருக்கட்டும். பிறகு ஒரே ஒரு கேள்வி: "இன்றைய தேதியில் எந்த லோடில் எத்தனை கட்டு விற்காமல் மிச்சம் இருக்கிறது?" எண்ணிக்கை சொன்னால் மற்றதெல்லாம் விற்றுவிட்டார் என்று ஆகிறது. சொல்லாவிட்டால் கேட்டும் சொல்லவில்லை என்று ஆகிறது. ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள், அதே கடிதத்தைப் படமெடுத்து வாட்ஸ்அப்பிலும் போடுங்கள். கோபமான வார்த்தை ஒன்றுகூட வேண்டாம். பின்னாளில் அந்தக் கடிதத்தை முன்பின் தெரியாத ஒருவர் படிக்கப்போகிறார். பதினைந்து நாள் பார்த்துவிட்டு வக்கீலிடம் போங்கள். பெண் என்பதால், வருமானம் எவ்வளவு இருந்தாலும், உங்களுக்கு இலவச சட்ட உதவி பெறும் உரிமை இருக்கிறது. அம்பாசமுத்திரம் கோர்ட்டில் வட்ட சட்டப் பணிகள் குழுவைக் கேளுங்கள்.

அந்தப் போனையும் மாற்ற வேண்டாம், வாட்ஸ்அப்பையும் துடைக்க வேண்டாம். மெசேஜைச் சாட்சியமாக வைக்க 2023-ஆம் வருஷத்துப் புதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆம் பிரிவுப்படி ஒரு சான்று இணைக்க வேண்டும், அதை வக்கீல் பார்த்துக்கொள்வார்.

வழக்கமாக இப்படி ஒரு விவகாரம் வந்தால் நான் முதலில் ஜிஎஸ்டி கணக்கைத்தான் கேட்பேன். சரக்கு மோசம் என்கிறவர், அந்தப் பில்லுக்கு வரிக் கழிவை மட்டும் எடுத்துக்கொண்டு பேசாமல் இருந்தால் அவர் வாயை அடைக்க அதுவே போதும். சங்கரன்கோவில் துண்டு வியாபாரத்துக்கும் பத்தமடைப் பாய்க்கும் அது உதவும். அப்பளத்துக்கு ஜிஎஸ்டி கிடையாது, ஆகவே நமக்கு இல்லை. ஆனால் வருமான வரியில் ஒரு பிடி இருக்கிறது. 2024 ஏப்ரலில் இருந்து, குறு, சிறு உற்பத்தியாளருக்குக் கெடுவுக்குள் தராத பாக்கியை, தரும் வரை செலவாகக் காட்ட முடியாது. அண்ணாச்சியின் ஆடிட்டருக்கு இது நன்றாகத் தெரிந்திருக்கும். கடிதத்தில் ஒரு வரி போட்டுவையுங்கள்.

மிரட்டல்களைச் சீக்கிரம் முடித்துவிடலாம். மறுவிற்பனைக்கு வாங்கியவர் நுகர்வோர் ஆக மாட்டார், அந்தக் கோர்ட் கதவு அவருக்குத் திறக்காது. உணவுப் பாதுகாப்புப் புகார் அப்படி இல்லை, அதை யாரும் கொடுக்கலாம். அதிகாரி வந்து மாதிரி எடுத்தால் ஒத்துழையுங்கள், உணவுப் பாதுகாப்புப் பதிவு நடப்பில் இருக்கட்டும், லேபிளில் அதன் எண் இருக்கட்டும். ஆனால் புகார் கொடுத்ததால் பாக்கி ரத்தாகாது. தேதி முடிந்த சரக்கை விற்றிருந்தால் மொத்த வியாபாரி என்ற முறையில் அவருக்கும் அந்தச் சட்டத்தில் பொறுப்பு உண்டு.

போலீஸ் உறவுக்காரர் வேண்டவே வேண்டாம். பணம் வசூலித்துத் தருவது காவல் நிலையத்தின் வேலை இல்லை. நல்ல ஆவணம் கையில் வைத்திருப்பவர் இந்த வழியில் போனால், மிரட்டினார்கள் என்ற புகார் அண்ணாச்சி கைக்குப் போய்விடும்.

மன்ற வழி ஏதோ காரணத்தால் அடைபட்டால் சிவில் வழக்கு இருக்கிறது. தொகை மூன்று லட்சத்துக்குக் குறையாததால் அது வணிக வழக்காகும். அதற்கு முன் சட்டப் பணிகள் ஆணைக்குழு வழியாக மத்தியஸ்தம் முயல வேண்டியது கட்டாயம், அவசர இடைக்கால நிவாரணம் கேட்டால் மட்டும் விலக்கு. 2022-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. வழக்குப் போட மூன்று வருஷம் கெடு. வாய்க் கடனை விட்டுவிட்டுச் சரக்கு சேர்ந்த நாளில் இருந்தே எண்ணிக்கொள்ளுங்கள், முதல் லோடுக்கு 2028 ஜூன் 20. நடுவில் 60,000 போட்டதால் கெடு நீளும் என்று சிலர் சொல்வார்கள், அதற்கு அவர் கையெழுத்தில் எழுத்து வேண்டும், நம்ப வேண்டாம்.

என் கணிப்பில் இது கடிதத்திலோ சமரசப் பேச்சிலோ முடியும். முடியும்போது தவணைக்கு வரப்போகும் தேதி போட்ட செக் தருகிறேன் என்பார். வாங்குங்கள், ஆனால் எந்தப் பில்லுக்கு எந்தச் செக் என்று ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்துப் போட்ட பிறகு. செக் திரும்பினால் வங்கி மெமோ கிடைத்து 30 நாளுக்குள் நோட்டீஸ், அது கிடைத்து 15 நாள் அவருக்கு அவகாசம், அதிலும் தராவிட்டால் அடுத்த ஒரு மாதத்துக்குள் புகார். உங்கள் கணக்கில் போட்ட செக் என்றால் உங்கள் வங்கிக் கிளை இருக்கும் எல்லையிலேயே கேஸ் நடக்கும்.

சரக்கை எடுத்துவர மட்டும் இப்போது சென்னைக்கு லாரி அனுப்பாதீர்கள். எடுத்துக்கொண்டால் அவர் திருப்பியதை நீங்கள் ஒத்துக்கொண்டதாகிவிடும். அந்த 47,000 ரூபாய்க்கு உரிய கட்டுகளை மட்டும் எடுப்பதென்றால், ஜூலை 4 லேபிள் உள்ளதை எண்ணி, எத்தனை கட்டு என்று எழுதி, கடைக்காரர் கையெழுத்து வாங்கிய பிறகு ஏற்றச் சொல்லுங்கள்.